ஒளிரும் ஆறு

கேள்வி: மாயக் கதைகளில் வரும் ஒளிரும் ஆற்றை நம்பும்படி எழுத முடியுமா?

பதில்: தாராளமாக முடியும், ஆனால் ஆறு முழுவதும் விளக்குப் போட்டதுபோல ஓயாமல் ஒளிர்வதாக எழுதும்போதுதான் பலரும் சறுக்குகிறார்கள். கடலில் நீலமாக மின்னும் ஒருசெல் உயிரிகள், அலையோ துடுப்போ தங்களை அசைக்கும்போதுதான், லூசிஃபெரின் என்ற பொருள் ஆக்சிஜனுடன் வினைபுரிவதால், ஒரு நொடிக்கும் குறைவான நேரம் ஒளியை உமிழ்கின்றன. ஆகவே உங்கள் ஆறு இருண்டே கிடக்கட்டும். பாறையில் மோதும் இடத்திலும், படகில் இருப்பவள் விரலால் அளையும் இடத்திலும் மட்டும் நீலக் கோடு தோன்றி அணையட்டும். அவை உப்புநீரில் வாழ்பவை என்பதால், முகத்துவாரத்தை ஒட்டிக் கதையை அமைத்தால் மந்திரத்துக்கு வேலை குறையும். நன்னீர்தான் வேண்டுமென்றால், நியூசிலாந்து ஓடைகளில் லேட்டியா என்றொரு சிறு நத்தை இருக்கிறது. சீண்டினால் பச்சையாக ஒளிரும் சளியைச் சுரக்கும்.