கோரஸில் நின்ற வருஷங்கள்

அன்புள்ள ஐயா,

அமெரிக்கப் பாடகர் லூதர் வான்ட்ராஸைப் பற்றி எப்போதோ ஒரு வரி எழுதியிருந்தீர்கள். அதைப் பிடித்துக்கொண்டு அவர் பாடல்களைத் தேடிக் கேட்டேன், பிரமித்துப்போனேன். ஆனால் அவர் வாழ்க்கையை வாசித்தபோது ஆற்றாமையாக இருந்தது. அப்படி ஒரு குரலை வைத்துக்கொண்டு முப்பது வயதுவரை அடுத்தவர் பாட்டுக்குக் கோரஸும் கே.எஃப்.சி. விளம்பரமும் பாடி வீணாகியிருக்கிறார். ராக் பாடகர் டேவிட் போவி போன்றவர்கள் அவரைச் சுரண்டினார்கள் என்றுதான் தோன்றுகிறது. நான் சென்னையில் டிராக் (பெரிய பாடகர் வந்து பாடுவதற்கு முன் மாதிரிக்குப் பாடிவைப்பது) பாடுகிறேன், கோரஸுக்கும் போவேன். சொந்தமாக எழுதி மெட்டுப் போட்ட பாட்டுகள் கொஞ்சம் கையில் இருக்கின்றன. 27 வயதாகிறது. எப்போது தனியாக வருவது? விளம்பரப் பாட்டு பாடினால் குரலில் ஃபீல் செத்துவிடும் என்கிறார்களே, உண்மையா?

ஆர்., சென்னை

அன்புள்ள ஆர்.,

சில நாட்களாக நானும் லூதரைத்தான் திரும்பக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அந்த நேரம் பார்த்து உங்கள் கடிதம் வந்தது. அவர் வீணானார் என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த இடத்தில் கோபம் வந்துவிட்டது. கோபத்தோடுதான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

விளம்பரப் பாட்டால் ஃபீல் சாகாது. அப்படிச் சொன்னவர் யாராக இருந்தாலும் இனி அவரிடம் யோசனை கேட்காதீர்கள். அமெரிக்காவில் யூனியன் பாடகருக்கு விளம்பரம் ஓட ஓடப் பணம் வரும். லூதருக்கு வந்தது. அந்தச் சொந்தக் காசில் தன் பாட்டுகளைத் தானே பதிவு செய்து, என் இசையில் யாரும் கைவைக்கக்கூடாது என்ற நிபந்தனையோடு கம்பெனிகளிடம் போனார். 1981-இல் எபிக் என்ற இசைக் கம்பெனி அதற்குச் சம்மதித்தது. ஆக, அந்த விளம்பரங்கள்தான் அவருக்குப் பேரம் பேசும் தெம்பைக் கொடுத்தன.

சுரண்டல் கதைக்கு வருகிறேன். 1974-இல் ஃபிலடெல்ஃபியாவில் சிக்மா சவுண்ட் ஸ்டூடியோவில் போவியின் பதிவு நடக்கிறது. கிட்டார் வாசித்த கார்லோஸ் அலோமர் லூதரின் பழைய சிநேகிதர், அவர் கூப்பிட்டு லூதர் சும்மா வேடிக்கை பார்க்கப் போயிருக்கிறார். 'யங் அமெரிக்கன்ஸ்' பாட்டு ஓடிக்கொண்டிருந்தபோது, அலோமரின் மனைவி ராபின் கிளார்க்கிடம், இந்த இடத்தில் இப்படி ஒரு வரி வந்தால் எப்படியிருக்கும் என்று மெல்லப் பாடிக் காட்டுகிறார். போவி காதில் அது விழுந்துவிட்டது. அப்புறம் அந்த ஆல்பத்தின் குரல் அமைப்பே லூதர் கைக்கு வந்தது. அவருடைய சொந்தப் பாட்டு ஒன்று வேறு வரிகளோடு 'ஃபேசினேஷன்' ஆனது, எழுதியவர்கள் பெயரில் போவியோடு லூதர் பெயரும் இருக்கிறது. வேடிக்கை பார்க்க வந்த 23 வயதுப் பையனுக்கு ஒரு நட்சத்திரம் இவ்வளவு இடம் கொடுப்பதைச் சுரண்டல் என்கிறீர்கள். டிராக் பாடியதற்கு ஒரு நன்றிகூடக் கிடைக்காத வலியில் எழுதியிருக்கிறீர்கள் என்று புரிகிறது. உங்கள் வலி உங்களுடையது, அதைக் கொண்டுபோய் அவர் தலையில் சுமத்தாதீர்கள்.

இன்னொன்று. அவர் முன்னாலேயே தனியாக வந்திருக்கலாமே என்கிறீர்கள். வந்தார் ஐயா! 'லூதர்' என்ற பெயரில் ஒரு குழு வைத்து 1976-லும் 1977-லும் இரண்டு ஆல்பம் போட்டார். விற்கவில்லை. பிற்பாடு அவற்றின் உரிமையைத் தானே விலைகொடுத்து வாங்கி, மறுபடி வெளிவராமல் நிறுத்தி வைத்தார். அந்தத் தோல்விக்குப் பிறகு திரும்பவும் கோரஸ் மைக் முன்னால் போய் நின்றார், ஷிக் குழுவுக்கும் சிஸ்டர் ஸ்லெட்ஜுக்கும் பாடினார். அதைத்தான் நீங்கள் வீணான காலம் என்கிறீர்கள்.

எங்கள் அத்தை பாளையங்கோட்டையில் கோயில் கொயரில் ஆல்டோ பாடினாள். சோப்ரானோ பாடுகிறவர்களுக்குத்தான் பாட்டின் மெட்டு, ஆல்டோவுக்கு அதன் கீழே ஓடுகிற கோடு. சுரங்களைக் குறிக்கும் சோல்ஃபா எழுத்துகளை நீலக் கோடு போட்ட நோட்டில் பென்சிலால் எழுதி வைத்திருப்பாள், மூச்சு விடவேண்டிய இடத்தில் சின்னதாக ஒரு டிக். அரிசியில் கல் பொறுக்கும்போது அந்தக் கோட்டை மட்டும் தனியாகப் பாடுவாள். எந்தப் பாட்டு என்று எங்களுக்குப் பிடிபடாது. இரண்டு மூன்று சுரத்துக்குள்ளேயே சுற்றிச் சுற்றி வரும். ஒரு கிறிஸ்துமஸுக்கு அவளுக்குக் காய்ச்சல், கொயருக்குப் போகவில்லை. ஆராதனை முடிந்து வெளியே வந்தவர்கள் எல்லாரும் பாட்டு இன்றைக்கு ஏன் இப்படிச் சப்பென்று இருந்தது என்று கேட்டுக்கொண்டே போனார்கள். காரணம் ஒருவருக்கும் தெரியவில்லை. எனக்குத் தெரிந்தது. அந்த வயதில் எனக்கு அது தாங்கவே இல்லை. அவள் என்னவோ கஞ்சியைக் குடித்துவிட்டு, 'ஸ்' யார் சொன்னா என்று கேட்டாள். வார்த்தை 'ஸ்' என்று முடிந்தால் கொயரில் ஒரே ஒருவர்தான் அதை உச்சரிப்பார், மற்றவர்கள் விட்டுவிடுவார்கள். இல்லாவிட்டால் ஆளுக்கு ஒரு நேரத்தில் சீறும். அந்த ஒருவர் எங்கள் அத்தை.

கோரஸ் பாடுகிற உங்களுக்கு இது தெரிந்திருக்கும். தெரிந்தும் அதைக் குறைவான வேலை என்று நினைக்கிறீர்களே, அதுதான் என் வருத்தம். நாலு பேர் ஒரு வரியைப் பாடி, அதே நாலு பேர் அதன்மேலேயே இன்னொரு தடவை பாடி, அப்புறம் மூன்றாவது தடவை வேறு சுரத்தில் பாடி அடுக்கும்போது, 'ஆ'வை எவ்வளவு வாய் திறந்து சொல்வது, வரியை எந்தத் தட்டில் விடுவது, அதிர்வை எங்கே அடக்குவது என்று அத்தனையும் ஒத்துப்போக வேண்டும். இதையே வருஷக்கணக்கில் செய்கிறவனுக்குப் பாட்டு ஒற்றை மெட்டாகக் கேட்காது. மெட்டு, அதற்குக் கீழே ஒன்று, மேலே ஒன்று, மூன்றுக்கும் நடுவே விடவேண்டிய இடம் என்று கூட்டமாகவே கேட்கும். லூதர் பாட்டு எழுதியது இந்தக் காதால்தான். உலகம் அவர் முகத்தைப் பார்ப்பதற்கு முன்பே, 1975-இல், பிராட்வேயில் 'தி விஸ்' நாடகத்தில் அவர் எழுதிய 'எவ்ரிபடி ரிஜாய்ஸ்' அரங்கேறிவிட்டது. அது என்ன மாதிரிப் பாட்டு? மேடையில் உள்ள அத்தனை பேரும் சேர்ந்து பாடுகிற பாட்டு. 1981-இல் வந்த அவருடைய முதல் தனி ஆல்பத்தின் 'நெவர் டூ மச்' பாட்டை ஹெட்ஃபோனில் போட்டு, அவரை விட்டுவிட்டுப் பின்னால் வருகிற குரல்களை மட்டும் பின்தொடர்ந்து பாருங்கள். அவர் மூச்சு எடுக்கிற இடத்தில் அவை வந்து அந்த இடத்தை நிரப்பிவிட்டு, அவர் திரும்பும்போது ஒதுங்கிக்கொள்ளும். மார்கஸ் மில்லரின் பேஸ் கிட்டார்மேல் அந்தக் குரல்கள் உட்கார்ந்திருக்கும் விதத்தை ஒரு தனிப்பாடகனால் யோசித்திருக்கவே முடியாது. அடுத்த வருஷம் அரீதா ஃப்ராங்க்ளினுக்கு 'ஜம்ப் டு இட்' ஆல்பம் செய்து கொடுத்ததும் இந்தப் பாடத்தை வைத்துத்தான், அதுவும் சின்ன வயதிலிருந்து தெய்வமாக நினைத்த பாடகிக்கு.

பெரிய ஆளான பிறகும் அவர் கோரஸை விடவில்லை. பால்ய சிநேகிதர் ஃபான்சி தார்ன்டன் கடைசிவரை கூடப் பாடினார். லிசா ஃபிஷர் இருபது வருஷத்துக்கு மேல் அவரோடு பாடியவர், அவர் தனியாக ஆல்பம் போடத் தூண்டியதும் லூதர்தான். லிசாவின் தனிப்பாடலுக்குக் கிராமி வந்தது 1992-இல். லூதருக்கே முதல் கிராமி 1991-இல்தான், தனி ஆல்பம் வந்து பத்து வருஷம் கழித்து! உங்களுக்கு 27 வயது என்று எழுதி அதன் கீழே கோடு வேறு போட்டிருக்கிறீர்கள்.

'டான்ஸ் வித் மை ஃபாதர்' கோரஸ் பாட்டா என்று நீங்கள் கேட்கலாம். எட்டு வயதில் இழந்த அப்பாவைப் பற்றி, ரிச்சர்ட் மார்க்ஸோடு சேர்ந்து எழுதியது, அதைத் தனிக்குரலாகத்தான் பாடவேண்டும். ஏப்ரல் 2003-இல் பக்கவாதம் வந்து விழுந்தார், ஆல்பம் ஜூனில் வந்தது, 2004-இல் அதற்குக் கிராமி கொடுத்தபோது அவரால் மேடைக்கு வரமுடியவில்லை. 54 வயதில் போய்விட்டார். இதைப்பற்றி மேலே எழுத எனக்கு மனம் வரவில்லை.

எப்போது தனியாக வருவது என்று கேட்டீர்கள். நீங்கள் அனுப்பியிருந்த பாட்டைக் கேட்டேன். குரல் நன்றாகவே இருக்கிறது, இரண்டாவது சரணத்தில் மெட்டு திரும்புகிற இடம் அழகு. ஆனால் பின்னால் ஹார்மனி என்று எதுவுமே இல்லை, கீபோர்டில் ஸ்ட்ரிங்ஸை இழுத்துவிட்டு நிரப்பியிருக்கிறீர்கள். தினமும் கோரஸ் பாடி வயிறு வளர்க்கிறவர் சொந்தப் பாட்டில் கோரஸுக்கு ஒரு வரிகூட எழுதவில்லை! ஸ்ட்ரிங்ஸை எடுத்துவிடுங்கள். உங்களோடு நிற்கிற கோரஸ் பெண்கள் இரண்டு பேரைக் கூப்பிட்டு, பேசின காசைக் கையில் கொடுத்து, அந்தச் சரணத்துக்கு மட்டும் மூன்று குரலில் எழுதிப் பாடவைத்துப் பதிவு செய்து அனுப்புங்கள். அவர்கள் பெயரையும் எழுதி அனுப்புங்கள்.