டோல்கீன் எழுதிய 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' கதையில் ஒற்றை மோதிரத்தைப் போட்டால் மற்றவர்கள் மறைகிறார்கள், அதைச் செய்த வில்லன் சவுரான் மட்டும் ஏன் மறையவில்லை?

டர்பன், சாட்ஸ்வொர்த் வீட்டில் என் தம்பி மகனும் இதையேதான் கேட்டான்: "பெரியப்பா, செஞ்சவனுக்கே வேலை செய்யாத மோதிரமா?"

மறைய வைப்பது அந்த மோதிரத்தின் வேலையே அல்ல. மற்ற சக்தி மோதிரங்களை அடக்கி ஆளத்தான் சவுரான் தன் வலிமையில் பெரும்பகுதியை ஊற்றி அதை எரிமலை நெருப்பில் வார்த்தான். டோல்கீனின் கதையில் கண்ணுக்குத் தெரியாத இன்னோர் உலகமும் உண்டு. மனிதனோ, ஹாபிட் என்னும் குள்ள இனத்தவனோ போட்டுக்கொண்டால் மோதிரம் ஆளை அந்தப் பக்கம் இழுத்துவிடும். சவுரானோ மாயார் என்னும் ஆவி இனம்; இரண்டு பக்கமும் அவனுக்குப் புழங்கிய இடம்தான்.

வெதர்டாப் குன்றுக் காட்சியைப் பாருங்கள். அதுவரை வெறும் கறுப்பு அங்கிகளாகத் தெரிந்த சவுரானின் அடியாட்கள் ஐந்து பேரும், கதாநாயகனான ஹாபிட் ஃப்ரோடோ மோதிரத்தைப் போட்டதும் வெளுத்த முகமும் நரைத்த முடியுமாகத் தெளிவாகத் தெரிகிறார்கள். அவனையும் அவர்கள் பார்த்துவிடுகிறார்கள். ஒளியப் போனவன் எதிரி வீட்டு முற்றத்திலேயே போய் நின்ற மாதிரி.

மறைவதும் முழுசாக இல்லை, வெயிலில் மங்கலாக நிழல் விழும். ஃப்ரோடோவுக்கு முன் மோதிரத்தை வைத்திருந்த பில்போவை கோப்ளின் என்னும் அரக்கர்களிடம் காட்டிக்கொடுத்தது அந்த நிழல்தான். கதவிடுக்கில் சட்டைப் பித்தளைப் பொத்தான்கள் தெறிக்க, தப்பித்தோம் பிழைத்தோம் என்று ஓடினான்.

சரி, கதையில் மோதிரத்தைப் போட்டும் மறையாத டாம் பாம்படில்? அவர் தனி ரகம். மோதிரத்துக்கு அவர்மேல் அதிகாரமே கிடையாது. அவரைப் புதிராக விட்டதே டோல்கீன் வேண்டுமென்று செய்ததுதான்.

அப்புறம், டோல்கீன் 1892இல் நம் தென்னாப்பிரிக்காவின் ப்ளூம்ஃபொன்டெய்னில் பிறந்து மூன்று வயதில் இங்கிலாந்து போனவர் என்றதும் பையன் மோதிரத்தையே மறந்துவிட்டான். "அப்போ நம்ம ஊர்க்காரரா!"