'ஃபிராங்கன்ஸ்டைன்' சொல்வது "கடவுள் வேலையில் கை வைக்காதே" என்பதுதானா?

துணைத்தலைப்பைப் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். மேரி ஷெல்லியின் இந்த நாவல் 1818-இல் வந்தபோதே அதற்கு 'நவீன புரொமிதியஸ்' என்றும் பெயர் இருந்தது. கிரேக்கப் புராணத்தில் தேவர்களின் நெருப்பைத் திருடி மனிதருக்குக் கொடுத்துத் தண்டனை அனுபவித்தவன் புரொமிதியஸ். களிமண்ணைப் பிசைந்து மனிதனைச் செய்தவனும் அவனே என்று ஒரு மரபு உண்டு.

ஆனால் நாவலில் ஓர் உயிரைப் படைக்கும் விஞ்ஞானி விக்டர் ஃபிராங்கன்ஸ்டைனின் பெரிய குற்றம், படைத்ததில் அல்ல, அதற்கு அடுத்த நொடியில் இருக்கிறது என்பேன். தான் படைத்த உயிர் கண் திறந்ததும் அருவருத்து ஓடிவிடுகிறான். அதற்கு ஒரு பெயர்கூட வைக்கவில்லை. அது ஒரு குடிசைக் குடும்பத்தை ஒளிந்திருந்து கவனித்துப் பேசப் பழகுகிறது. ஆதாம் ஏவாள் கதையைச் சொல்லும் ஆங்கிலக் கவிஞர் மில்டனின் 'இழந்த சொர்க்கம்' காவியத்தைப் படித்து, ஆதாமோடு தன்னை ஒப்பிட்டு ஏங்குகிறது. எத்தனை முறை படித்தாலும் மனசு கனத்துப் போகும் இடம் இது. அந்தக் குடும்பமும் அடித்து விரட்டிய பிறகுதான் அது கொலையில் இறங்குகிறது.

இந்த நாவலைத் தழுவி 1931-இல் வந்த படத்தில், படைக்கப்போகும் உடலுக்கு வைக்க வேண்டிய நல்ல மூளையை விஞ்ஞானியின் உதவியாள் கீழே போட்டுவிட்டு, குற்றவாளியின் மூளையை எடுத்து வருகிறான். அந்த ஒரு காட்சியில் கதையின் நீதியே மாறிவிடுகிறது. கெடுதல் பிறவியிலேயே இருந்தது என்றால் கைவிட்டவனுக்கு என்ன பொறுப்பு? அப்புறம், படத்தில் அதற்குப் பேச்சும் இல்லை. நாவலில் அது தன் கதையைத் தானே பல அத்தியாயங்களுக்குச் சொல்கிறது. அந்த நடுப்பகுதியை மட்டுமாவது படித்துப் பாருங்கள்.