முந்தானையில் குத்திய மைக்

கேள்வி: மூணாறு தேயிலை எஸ்டேட் லயத்தில் (தொழிலாளர் வரிசை வீட்டில்) இருக்கும் ஒரு அம்மாவைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். மகனை யானை அடித்துவிட்டது. மருமகள் கொழுந்தெடுக்கிறார். அம்மா மூன்று மணி நேரம் மனம்விட்டுப் பேசினார். மைக்கில் உரசல் விழுந்ததால் மகன் இறந்த பகுதியை மட்டும் மறுபடி சொல்லச் சொன்னேன், சொன்னார். இப்போது போனால் கதவே திறப்பதில்லை. கையெழுத்து வாங்கியிருக்கிறேன். எப்படிச் சம்மதிக்க வைப்பது?
- வாசகர், போடிநாயக்கனூர்

பதில்: 'மட்டும்' என்று எழுதியிருக்கிறீர்களே தம்பி, எனக்கு அதைத் தாண்டிப் படிக்க மனம் வரவில்லை. பெற்றவள் பிள்ளையை உங்கள் மைக்குக்காக இன்னொரு தடவை சாகக் கொடுத்திருக்கிறாள். துக்கம் கேட்க வந்தவர் "சரியாகக் காதில் விழவில்லை, திரும்பச் சொல்லு" என்றால் உங்கள் தாய்மாமன் அவரைத் திண்ணையில் உட்கார விடுவாரா?

உரசல் உங்கள் தவறு. மைக்கை முந்தானையில் குத்தியிருப்பீர்கள். அழுகிறவள் கண்ணைத் துடைக்க எடுப்பதும் அதே முந்தானைதான். ரவிக்கைக் கழுத்தோரத்தில், மோவாய்க்கு ஒரு சாண் கீழே, மருமகள் கையால் குத்தச் சொல்லுங்கள். ஒயரை ஒரு சுற்று வளைத்து டேப் ஒட்டினால் இழுபடாது. பேச்சின் உச்சம் ரெக்கார்டர் மீட்டரில் மைனஸ் 12 டெசிபலில் நிற்கட்டும். இரண்டாவது டிராக்கில் அதையே இன்னும் 10 குறைத்துப் பதியுங்கள். குரல் உடைந்து ஏறும்போது அது காப்பாற்றும். ஒலியளவைத் தானாகக் கூட்டிக் குறைக்கும் ஆட்டோ லெவலை அணைத்துவிடுங்கள், அவர் பேச்சை நிறுத்தினால் அது அடுப்புச் சத்தத்தைத் தூக்கிக்கொண்டு வரும். காலையில் என்ன சமைத்தார் என்று இரண்டு நிமிடம் பேசவிட்டு, பதிந்ததைப் போட்டுக் கேளுங்கள். பிறகு கடைசிவரை ஹெட்போனைக் கழற்றாதீர்கள். அதற்குப் பிறகும் கெட்டால், உரசலோடே வைத்துப் பேச்சைத் திரையில் எழுத்தாகப் போடுங்கள்.

கையெழுத்தைக் காட்டுகிறீர்கள். லயத்து வீடு எஸ்டேட்டுடையது. குடும்பத்தில் ஒருவர் வேலையில் இருக்கும்வரைதான் அது அவர்களுக்கு. அந்த வீட்டில் இப்போது அந்த ஒருவர் மருமகள். மாமியார் கேமரா முன்னால் கம்பெனியைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னாலும் அவள் தலையில்தான் விடியும். அவளிடம் ஒரு வார்த்தை கேட்டீர்களா? 'கொழுந்தெடுக்கிறார்' என்பதோடு அவளை முடித்துவிட்டீர்கள். வீட்டைத் தாங்குகிறவளிடம் கேட்காமல் வாங்கிய கையெழுத்தை நான் சம்மதமாக எண்ணமாட்டேன்.

அந்த மலையில் யாருக்கும் பேசத் தெரியாமல் இல்லை. 2015 செப்டம்பரில் 20 சதவீத போனஸ் கேட்டு மூணாறு சாலையில் உட்கார்ந்த 'பெம்பிளை ஒருமை' (பெண்கள் ஒற்றுமை) என்ற தேயிலைத் தோட்டப் பெண்கள், தொழிற்சங்கத் தலைவர்களையே பக்கத்தில் விடவில்லை. கதவைச் சாத்தி இந்த அம்மாவும் உங்களுக்குப் பதில் சொல்லியாகிவிட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, மருமகள் வீட்டிலிருக்கும்போது, கேமரா இல்லாமல் போங்கள். மன்னிப்புக் கேளுங்கள். இரண்டாம் தடவை சொல்லவைத்ததை அவர்கள் கண்ணெதிரே அழியுங்கள். மிச்சத்தைப் பார்க்க அவர்களுக்கு விருப்பமிருந்தால் இருவருக்கும் போட்டுக் காட்டி, வேண்டாம் என்பதை எடுத்துவிடுங்கள். மொத்தமும் வேண்டாம் என்றால் மூன்று மணி நேரமும் போகட்டும். வரும்போது அந்தக் கையெழுத்துத் தாளை அம்மாவின் கையிலேயே கொடுத்துவிட்டு வாருங்கள்.