ஃபாஸ்பைண்டரின் வேகம்

வணக்கம். ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பைண்டர் 37 வயதுக்குள் 40-க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார் என்று படித்தேன். எழுத்து, இயக்கம் அவரே, பலவற்றில் நடிப்பும். நானும் ஒரு குறும்படத்தை எழுதி, இயக்கி, நடிக்கப்போகிறேன். போதைமருந்து இல்லாமல் அந்த வேகம் வராது என்கிறார்கள் நண்பர்கள். அவருக்கு எப்படி முடிந்தது?
கதிர், திருப்பூர்

அன்புள்ள கதிர்,

1982 ஜூனில் அவர் இறந்ததற்குப் போதைமருந்து காரணம். வேகத்துக்கான காரணத்தை 1969-லேயே பார்க்கலாம்.

'காட்ஸெல்மாக்கர்' படத்தை ஒன்பது நாளில் எடுத்து முடித்தார். அப்போது வயது 24. அது முன்பே அவர் எழுதி, முனிக் நகரில் மேடையேற்றிய நாடகம். ஹன்னா ஷிகுல்லா, இர்ம் ஹெர்மன் போன்றோர் அவருடைய நாடகக் குழு ஆட்கள். ஒத்திகைக்குப் படப்பிடிப்பு நாட்களைச் செலவழிக்க வேண்டியிருக்கவில்லை.

இன்னொன்று ஷாட் பிரிப்பு. பல காட்சிகளில் கேமரா அசையாது. சுவரோரம் வரிசையாக உட்கார்ந்திருப்பவர்களை நேரே பார்த்துக்கொண்டிருக்கும். பேசுபவர், கேட்பவர் என்று மாற்றி மாற்றி வெட்டுவது அரிது. சின்ன பட்ஜெட்டில் நேரத்தைத் தின்பது நடிப்பு இல்லை, லைட்டிங்தான். கேமராவை எதிர்ப்பக்கம் திருப்பினால் லைட், மைக், பின்னணி எல்லாவற்றையும் மாற்ற வேண்டும். திருப்பாவிட்டால் அரை நாள் மிச்சம். ஆனால் நடுவில் ஒருவர் வசனத்தை விட்டுவிட்டால் எடிட்டிங்கில் மறைக்க வேறு ஷாட் கிடையாது. வசனம் மனப்பாடமாக இல்லாத நடிகர்களை வைத்து இதைச் செய்யாதீர்கள்.

உங்கள் சிக்கல் நடிப்பில்தான் வரும். 'காட்ஸெல்மாக்கர்' படத்தில் அவர் எடுத்துக்கொண்டது ஜெர்மன் மொழி சரியாக வராத கிரேக்கத் தொழிலாளி யோர்கோஸ் பாத்திரம். தாமதமாக வருவார், வசனமும் கொஞ்சம். 'அலி: ஃபியர் ஈட்ஸ் த சோல்' (1974) படத்தில் சிடுசிடு மருமகன், சில காட்சிகள் மட்டும். முழு நாயகனாக 'ஃபாக்ஸ் அண்ட் ஹிஸ் ஃப்ரெண்ட்ஸ்' (1975) படத்தைத் தூக்கிச் சுமந்தபோது கேமராவுக்குப் பின்னால் மைக்கேல் பால்ஹாஸ் இருந்தார். அதற்குள் இருவரும் சேர்ந்து பல படங்கள் முடித்திருந்தார்கள்.

நீங்கள் ஒவ்வொரு டேக்குக்கும் மானிட்டருக்கு ஓடினால் மிச்சம் பிடித்த நேரமெல்லாம் அங்கேயே போய்விடும். டேக் சரியா என்று சொல்லும் அதிகாரத்தை ஒருவரிடம் முன்பே கொடுத்துவிடுங்கள். ஃபிரேம் வைக்கும்போது உங்கள் உயரமுள்ள ஒருவரை உங்கள் இடத்தில் நிறுத்துங்கள்.

வேகம் அவருக்கு எப்போதும் ஒன்றுபோல இருந்ததில்லை. 'எஃபி பிரீஸ்ட்' படத்துக்கு 58 நாட்கள் பிடித்தன. அதில் அவர் முகம் இல்லை, கதைசொல்லியின் குரல் மட்டும் அவருடையது. 14 பகுதிகள் கொண்ட 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்' (1980) தொடர் 154 நாட்கள். நீளம் 15 மணி நேரத்துக்கு மேல். கணக்குப் போட்டால் நாளுக்கு ஆறு நிமிடம், அதுவும் பெரிய செட்களோடு! ஒளிபரப்பானபோது படம் இருட்டாக இருக்கிறதென்று டிவி பார்த்தவர்கள் திட்டினார்கள். உங்கள் படத்தையும் போனில் ஒருமுறை போட்டுப் பாருங்கள்.

ஸ்பெயினில் 'வைட்டி' படப்பிடிப்பு குழுவுக்குள் சண்டையாக முடிந்தபின், அந்த அனுபவத்தையே 'பிவேர் ஆஃப் எ ஹோலி ஹோர்' (1971) என்று படமாக்கினார். இயக்குநர் வேடத்தை லூ காஸ்டெலுக்குக் கொடுத்துவிட்டு, கத்திக்கொண்டே அலையும் புரொடக்‌ஷன் மேனேஜராக அவரே நடித்தார். படப்பிடிப்புக்கு முந்தைய வாரம் குழுவோடு உட்கார்ந்து அதைப் பாருங்கள்.