அமெரிக்க வானொலிச் செய்தியாளர் எட்வர்ட் முர்ரோவை உடன் வேலை பார்த்தவர்கள் ஏன் அவ்வளவு கொண்டாடினார்கள்?

முக்கியமாக, அவர் ஆள் எடுத்த விதம். 1937-இல் பத்திரிகையாளர் வில்லியம் ஷைரருக்கு வைத்த குரல் தேர்வு சொதப்பலாகத்தான் போனது. முர்ரோ வேலை பார்த்த வானொலி நிறுவனமான சிபிஎஸ்ஸின் தலைமையகம் தயங்கியது. முர்ரோ விடவில்லை. அவருக்கு வேண்டியது செய்தி தெரிந்த ஆள், கணீர்க் குரல் இல்லை. ஷைரரே பின்னாளில் இதை எழுதியிருக்கிறார். இப்படிச் சேர்ந்தவர்களுக்கு ‘முர்ரோவின் பையன்கள்’ என்றே பெயர்.

அப்புறம், அவருடைய காது. 1940 ஆகஸ்ட், லண்டன் டிரஃபால்கர் சதுக்கம். ஜெர்மன் விமானத் தாக்குதலை எச்சரிக்கும் சைரன் அலறுகிறது. முர்ரோ மைக்கைத் தரையோடு தாழ்த்துகிறார். பதுங்குமிடத்துக்குப் போகிறவர்களின் காலடிச் சத்தம், நிதானமாக, ஒவ்வொன்றாக. யாரும் ஓடவில்லை என்பது அமெரிக்காவில் வானொலிப் பெட்டி முன் உட்கார்ந்திருந்தவர்களுக்குக் காதாலேயே தெரிந்துவிட்டது.

(சிகரெட்டை மட்டும் ஓயாமல் ஊதித் தள்ளிய மனிதர், 1965-இல் நுரையீரல் புற்றுநோயில் போய்விட்டார்.)