ஜப்பான் பயணத்தில் சாக்கே சுவைப்போடு கூடிய வீட்டுச் சமையல் வகுப்புக்கு அரை நாள் ஒதுக்கலாமா?

உங்கள் கேள்வியில் இருந்த விவரம் இது: டோக்கியோவில் இறங்கி ஒன்பது நாள் பயணம். எட்டாம் நாள் கியோட்டோவில் ஒரு வீட்டுச் சமையல் வகுப்பு, கூடவே சாக்கே என்னும் அரிசி மதுவின் சுவைப்பு. கணவர் குடிப்பார், நீங்கள் குடிப்பதில்லை, மீனும் தொடுவதில்லை. மூன்று மணி நேரத்தையும் அவ்வளவு பணத்தையும் இதற்குக் கொடுக்கலாமா?

தாராளமாகக் கொடுக்கலாம். ஆனால் எட்டாம் நாள் மட்டும் வேண்டாம். இரண்டாம் நாளோ மூன்றாம் நாளோ போய்விடுங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

நானும் மனைவியும் ஒரு நவம்பர் மாதம் போனோம். வகுப்பை ஏழாம் நாளில் வைத்திருந்தோம். அதற்கு முன் ஆறு நாள் தினமும் ஏதாவது ஒரு சூப் குடித்திருக்கிறேன். உடோன், ஒடேன், மிசோ சூப் எல்லாமே என் நாக்குக்கு ஒன்றுதான்: உப்பு, சோயா சாஸ், பின்னால் லேசாக ஒரு மீன் வாடை. புளியும் மிளகாயும் தின்று வளர்ந்த நாக்கு வேறு என்ன கண்டுபிடிக்கும்? மனைவி சைவம். அவளுக்கு அந்த ஆறு நாளும் ஊறவைத்த உமே பழம் வைத்த சோற்று உருண்டையும் வாழைப்பழமும்தான். ஏழாம் நாள் மதியம் வகுப்பு முடிந்து வெளியே வந்தபோது, இதுவரை சாப்பிட்ட எதையும் நாங்கள் சரியாகச் சாப்பிடவே இல்லை என்று புரிந்தது. கையில் மிச்சமிருந்தது இரண்டே நாள். அந்த வருத்தம் எனக்கு இன்னும் இருக்கிறது.

வகுப்பு நடந்தது கியோட்டோவின் தெற்கே ஃபுஷிமியில், ஒரு அம்மாவின் வீட்டுச் சமையலறையில். அறுபது வயது தாண்டியவர். சென்செய், அதாவது ஆசிரியர், என்றுதான் எல்லோரும் கூப்பிட்டோம். அவர் ஜப்பானியத்தில் பேச, மகள் ஆங்கிலத்தில் சொன்னார். எங்களோடு சேர்த்து ஆறே பேர். சோறு, வெள்ளை மிசோ (நொதித்த சோயா விழுது) சூப், தாஷி என்னும் அடிப்படைச் சாறு கலந்து சுருட்டிய முட்டை, வேகவைத்த முள்ளங்கி, எள் அரைத்துப் பிசைந்த கீரை. ஒரு சூப், மூன்று பதார்த்தம் என்பதுதான் அங்கே வீட்டுச் சாப்பாட்டின் அடிப்படைக் கணக்கு.

அடுப்பைப் பற்றவைப்பதற்கு முன்பே அவர் எங்களிடம் ஒரு கட்டையைக் கொடுத்தார். கத்சுவோபுஷி. சூரை மீனை வேகவைத்து, திரும்பத் திரும்பப் புகைபோட்டு உலர்த்தியது. இரண்டு கட்டைகளை ஒன்றோடொன்று தட்டிக் காட்டினார். விறகுக் கட்டை மாதிரி டக் டக் என்றது. நான் தூத்துக்குடிப் பக்கம் வளர்ந்தவன். மூக்கருகே கொண்டுபோனதுமே தெரிந்துவிட்டது, இது நம்ம மாசி! ஆச்சி அம்மியில் தட்டித் துவையலில் போடும் அதே மாசிக் கருவாடு. மீனும் அதே சூரைதான். நாம் இடித்துப் போடுகிறோம், அவர்கள் இழைப்புளி வைத்த பெட்டியில் தேய்த்துச் சுருள் சுருளாகச் சீவுகிறார்கள்.

அப்புறம் மூன்று சின்னக் கிண்ணங்களை வைத்தார். முதல் கிண்ணத்தில் கோம்பு மட்டும் ஊறிய நீர். கோம்பு என்பது ஹொக்கைடோ கடலில் விளையும் பட்டையான கடற்பாசி. குடித்தேன், மென்மையாக இருந்தது, ஆனால் சப்பென்று. இரண்டாவது, சீவிய மீன் மட்டும் போட்டது. வாசனை தூக்கலாக இருந்தது, தொண்டைக்குப் போனதும் ஒன்றுமில்லை. மூன்றாவது, இரண்டும் சேர்ந்தது, அதுதான் தாஷி. அதைக் குடித்ததும் வாய் முழுக்க ஏதோ நிறைந்து, விழுங்கிய பிறகும் நாக்கின் இரண்டு பக்கமும் ஊறிக்கொண்டே இருந்தது. ஒரு கல் உப்பு கூட அதில் கிடையாது.

இதன் காரணத்தை ஜப்பானியர்களே கண்டுபிடித்திருக்கிறார்கள். 1908-ல் இக்கேடா கிகுனாயே என்ற வேதியியலாளர் கோம்பிலிருந்து குளுட்டமேட்டைப் பிரித்தெடுத்து, அந்தச் சுவைக்கு உமாமி என்று பெயர் வைத்தார். 1913-ல் கோடாமா ஷிண்டாரோ மீனில் இருப்பது இனோசினேட் என்று கண்டார். இரண்டும் சேரும்போது சுவை வெறுமனே கூடுவதில்லை, பல மடங்கு பெருகுகிறது. படித்தால் ஒரு வரித் தகவல். மூன்று கிண்ணத்தையும் வரிசையாகக் குடித்துப் பார்த்தால்தான் அது நாக்கில் பதிகிறது. அதன் பிறகு எந்தக் கடையில் எந்த சூப் வந்தாலும் நாக்கு தானாகவே தாஷியைத் தேடிப் பிடிக்கும்.

சைவத்துக்கு வருகிறேன். முன்பதிவின்போதே மனைவிக்கு மீன் கூடாது, முட்டை பரவாயில்லை என்று எழுதியிருந்தோம். சென்செய் முதல் நாள் இரவே உலர்ந்த ஷிடாகே காளானையும் கோம்பையும் குளிர்ந்த நீரில் ஊறப்போட்டிருந்தார். காளானில் இருக்கும் குவானிலேட்டும் கோம்போடு சேர்ந்தால் அதே வேலையைச் செய்யும். புத்த மடங்களின் சைவச் சமையலில் தாஷி இப்படித்தான். என் கிண்ணத்தைவிட அவள் கிண்ணத்தின் நிறம் அடர்த்தி. இரண்டு கையாலும் பிடித்துக் குடித்துவிட்டு, "இவ்வளவு நாள் இது எங்க இருந்துச்சு?" என்று கேட்டாள். நீங்களும் வெறும் 'சைவம்' என்று எழுதி நிறுத்திவிடாதீர்கள். காய்கறி மட்டும் போட்டு, தாஷியில் மீன் இருக்கும். அங்கே பலருக்கு அது அசைவமாகத் தோன்றாது. 'தாஷியிலும் மீன் கூடாது' என்று தனியாக எழுதுங்கள்.

இன்னொன்று எனக்கு ரொம்பப் பிடித்தது. முள்ளங்கியை முதலில் அரிசி களைந்த நீரில்தான் வேகவைத்தார். கசப்பும் காட்டமும் அடங்குமாம். அரிசி களைந்த தண்ணீரில் புளி கரைக்கும் வீட்டிலிருந்து வந்தவனுக்கு இதைவிடச் சந்தோஷம் வேறென்ன?

இனி சாக்கே. ஜப்பானியத்தில் சாக்கே என்றால் பொதுவாக எந்த மதுவும்தான். அரிசி மதுவுக்கு நிஹொன்ஷு என்று பெயர். திராட்சையில் சர்க்கரை இருக்கிறது, அரிசியில் இல்லை. அதனால் வெந்த அரிசியில் கோஜி என்னும் பூஞ்சையை வளர்த்து, அது மாவுச்சத்தைச் சர்க்கரையாக்க, அதே தொட்டியில் ஈஸ்ட் அதை உடனுக்குடன் மதுவாக்குகிறது. அரிசியை எவ்வளவு தீட்டினார்கள் என்பதும் முக்கியம். தீட்டிய பின் 60 சதவீதமோ அதற்குக் குறைவாகவோ மிஞ்சினால் கின்ஜோ, 50-க்குள் என்றால் தைகின்ஜோ. வெளியே இருந்து ஆல்கஹால் சேர்க்காதது ஜுன்மாய்.

எங்களுக்குக் குளிர்ந்த கின்ஜோ ஒன்று, சாதாரணச் சூட்டில் ஜுன்மாய் ஒன்று, அதே ஜுன்மாயை வெந்நீரில் குடுவையோடு இறக்கி 40 டிகிரிக்குக் கொண்டுவந்து ஒன்று. கின்ஜோவில் பழுத்த வாழைப்பழ வாசனை வந்தது, இத்தனைக்கும் அதில் பழம் எதுவும் சேர்வதில்லை. ஆனால் என்னை நிறுத்தியது மூன்றாவதுதான். தனியாகக் குடித்தபோது சுமார். தாஷியில் ஊறிய முள்ளங்கியை ஒரு வாய் கடித்துவிட்டு ஒரு மிடறு குடித்ததும் இரண்டும் ஒன்றையொன்று தூக்கிவிட்டன. சாக்கேயிலும் உமாமி இருக்கிறது, அதனால்தான். மதுக்கடையில் வரிசையாகக் கோப்பை வைத்துக் குடித்தால் இது தெரியாது. சாப்பாட்டோடு சேர்ந்த வகுப்பைத் தேர்ந்தெடுக்கச் சொல்வதும் இதற்காகத்தான்.

குடிக்காத உங்களுக்கு அங்கே வேலை இல்லை என்று நினைக்க வேண்டாம். மனைவிக்கு அமசாக்கே கொடுத்தார்கள். அரிசியையும் கோஜியையும் வைத்துச் செய்வது, மது கிடையாது, சர்க்கரை போடாமலே பாயசம் மாதிரி இனிக்கும். சாக்கே பிழிந்த சக்கையில் செய்யும் அமசாக்கேயும் உண்டு, அதில் கொஞ்சம் ஆல்கஹால் இருக்கும். எது என்று கேட்டுக்கொள்ளுங்கள். குடிக்கும் வயது அங்கே 20. கணவர் வாடகை சைக்கிளில் வந்தால், குடித்துவிட்டு ஓட்டக் கூடாது. 2024 நவம்பர் முதல் அதற்கும் தண்டனை கடுமை.

வகுப்பைத் தேர்ந்தெடுக்கும்போது ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: தாஷியை எங்கள் கண்முன்னால் செய்வீர்களா? வேறொரு ஊரில் நாங்கள் போன இன்னொரு வகுப்பில் பாக்கெட் பொடியை வெந்நீரில் கலக்கினார்கள், சோறும் தயாராக வந்தது. சுஷி பிடித்துப் படம் எடுத்துக்கொண்டு வந்தோம். இரண்டுக்கும் ஏறக்குறைய ஒரே பணம். ஃபுஷிமியில் ஆளுக்கு 9,000 யென் கொடுத்தோம். எட்டுப் பேருக்கு மேல் சேர்க்கும் இடம் வேண்டாம். அன்று வாசனைத் திரவியம் பூசாதீர்கள், சாக்கேயின் மணம் யாருக்கும் தெரியாமல் போகும். கிழியாத சாக்ஸ் போட்டுக்கொள்ளுங்கள், செருப்பு வாசலோடு சரி.

ஊர் திரும்பியதும் செய்து பார்ப்பீர்கள், அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன். ஒரு லிட்டர் நீருக்குப் பத்து கிராம் கோம்பு, இரவு முழுக்க ஊறட்டும். மெல்லிய தீயில் வைத்து, ஓரத்தில் சின்னக் குமிழ்கள் வந்ததும் கோம்பை எடுத்துவிட வேண்டும். கொதிக்கவிட்டால் வழவழப்பும் கசப்பும் இறங்கும். உங்களுக்கு மீன் வேண்டாம் என்பதால் கோம்போடு நான்கைந்து ஷிடாகேயும் போடுங்கள். சென்னையில் முதல் முறை எங்கள் போர் தண்ணீரில் செய்தேன், ஒன்றுமே இறங்கவில்லை. கடின நீரில் கோம்பின் சுவை சரியாக வராது. கேன் தண்ணீரில் செய்ததும் வந்துவிட்டது. கியோட்டோ நீர் மென்மையானது. அந்த ஊர்ச் சமையல் கோம்பை நம்பி வளர்ந்ததற்கு அதுவும் ஒரு காரணம். சாக்கேயிலும் இதே கதைதான். கோபே நகரத்துப் பக்கம் நாடா என்ற பகுதியின் கடின நீரில் நொதிப்பு வேகமாக நடந்து, விறைப்பான 'ஆண் சாக்கே' வருகிறது. ஃபுஷிமியின் மென்மையான நீரில் மெதுவாக நொதித்து 'பெண் சாக்கே' வருகிறது. இப்படித்தான் அங்கே சொல்கிறார்கள்.

எனவே உங்கள் திட்டத்தை இப்படி மாற்றிப் பாருங்கள். வகுப்பை டோக்கியோவிலேயே இரண்டாம் நாள் முடித்துவிடுங்கள். எட்டாம் நாள் காலியாகும் அந்த மதியத்தில் கேய்ஹான் ரயிலேறி சூஷோஜிமா நிலையத்தில் இறங்குங்கள். 1637-ல் தொடங்கிய கெக்கெய்கான் நிறுவனத்தின் ஓகுரா சாக்கே அருங்காட்சியகம் நடக்கிற தூரம்தான். கணவர் அங்கே சுவைத்துப் பார்க்கலாம். அப்படியே கோகோனோமியா கோயிலுக்குப் போனால் கோகோசுய் என்ற ஊற்று நீர் இருக்கிறது. 1985-ல் அரசு வெளியிட்ட நாட்டின் நூறு சிறந்த நீர்நிலைகள் பட்டியலில் அதுவும் உண்டு. ஊர்க்காரர்கள் கேனோடு வந்து பிடித்துப் போவார்கள். கையில் காலி பாட்டில் ஒன்று இருக்கட்டும்.